மரத்தளத்துக்குப் பலகை வாங்குமுன்: கடையில் சொல்லும் அளவும் கையில் வரும் அளவும்

பால்கனியிலோ தரைவீட்டின் பின்புறத்திலோ மரத்தளம் போட நினைக்கிறவர்கள் முதலில் கேட்பது எந்த மரம் நல்லது என்றுதான். கேட்க வேண்டிய கேள்விதான். ஆனால் நான் பார்த்தவரை, தளம் கெட்டுப்போவதற்கும் பணம் விரயமாவதற்கும் மரத்தின் வகையைவிட அதன் அளவே அதிகம் காரணமாகிறது. பலகை இரண்டு குறைந்துபோகும். ஓரத்தில் இரண்டு விரல் அகலத்துக்கு ஒரு கீற்றைச் செருக வேண்டிவரும். திருகாணி அடித்தரையின் நீர்க்காப்பைத் துளைத்து, கீழ்வீட்டுக் கூரையில் ஈரம் கசியும். இத்தனைக்கும் தொடக்கம் வாங்கும் நாளில் கேட்காமல் விட்ட ஓர் எண்.

ஒரே பலகைக்கு மூன்று அளவு உண்டு. கடையில் வாயால் சொல்லும் அளவு ஒன்று. இழைத்து முடித்தபின் கையில் வரும் அளவு ஒன்று. வெயிலும் மழையும் பட்டபின் தளத்தில் நிற்கும் அளவு இன்னொன்று. கணக்குப் போடுவது இரண்டாவதை வைத்து. இடைவெளி விடுவது மூன்றாவதை நினைத்து. முதலாவது பேச்சு வழக்குக்கு மட்டும் போதும்.

"ஒன் பை சிக்ஸ்" என்றால் என்ன

சிங்கப்பூர் 1970களிலேயே மெட்ரிக் முறைக்கு மாறத் தொடங்கிவிட்டது. ஆனாலும் சுங்கை காடுட் பக்கம் மரக்கடைக்குப் போனால் இன்றும் அங்குலமும் அடியும்தான் காதில் விழும். "ஒன் பை சிக்ஸ், ட்வெல்வ் ஃபுட்" என்பார்கள். ஓர் அங்குல கனம், ஆறு அங்குல அகலம், பன்னிரண்டு அடி நீளம். அதை மில்லிமீட்டரில் மாற்றினால் 25.4 × 152.4 வர வேண்டும். பலகையைக் கையில் வாங்கி வெர்னியர் காலிப்பர் வைத்துப் பாருங்கள், பெரும்பாலும் 19 × 140 என்றே காட்டும். "ஒன் பை ஃபோர்" என்றால் 19 × 90.

இதில் யாரும் யாரையும் ஏமாற்றவில்லை. சொல்லப்படும் எண், மரத்தை ரம்பத்தில் அறுத்தபோது இருந்த சொரசொரப்பான அளவு. ஈரம் காயும்போது மரம் சுருங்கும். பிறகு நான்கு பக்கமும் இழைக்கும்போது இன்னும் சில மில்லிமீட்டர் சீவலாகப் போகும். மிஞ்சுவதுதான் நம் வீட்டுக்கு வருகிறது. கடைக்குக் கடை ஒன்றிரண்டு மில்லிமீட்டர் மாறும். 21 × 145, 25 × 140 என்ற அளவுகளும் இங்கே கிடைக்கும். அதனால் ஒரே ஒரு கேள்வியைப் பழக்கமாக்கிக்கொள்ளுங்கள்: "இழைத்து முடித்தபின் எத்தனை மில்லிமீட்டர்?" இதற்கு நேரான பதில் சொல்லாத கடையில் நான் வாங்க மாட்டேன்.

புதியவர்களைக் குழப்பும் இன்னொரு விஷயம், இணையத்தில் பார்க்கும் காணொளிகள். அவற்றில் பெரும்பகுதி வட அமெரிக்காவில் எடுத்தவை. அங்கே மென்மரங்களுக்கு ஒரு பொதுத் தரம் உண்டு. 1924இல் முதன்முதலாக வந்தது, 1970இல் வந்த திருத்தத்தில் இன்றைய அளவுகள் நிலைபெற்றன. அதன்படி 2 × 4 என்று சொல்லும் சட்டம் உண்மையில் 38 × 89 மி.மீ., 2 × 6 என்பது 38 × 140, 2 × 8 என்பது 38 × 184. தளத்துக்கென்றே அவர்கள் விற்கும் "ஃபைவ் குவார்ட்டர்" பலகை, பெயரில் ஒன்றேகால் அங்குல கனமும் ஆறு அங்குல அகலமும் கொண்டது, கையில் வரும்போது 25 × 140. இந்த எண்கள் பைன் போன்ற மென்மரங்களுக்கானவை. பலகைக்கு அடியில் எவ்வளவு இடைவெளியில் தாங்குச் சட்டம் வைக்கலாம் என்று அங்கே சொல்லும் கணக்கையும் அந்த மரத்தோடு சேர்த்துத்தான் பார்க்க வேண்டும். நம்மூரில் கிடைக்கும் பாலாவ் என்ற கடினமரப் பலகைக்கு அதை அப்படியே எடுத்துப் போடாதீர்கள்.

முதலில் அளக்க வேண்டியது உயரம்

நீளமும் அகலமும் பிறகு. பால்கனியாக இருந்தால் முதலில் மூன்று உயரங்களைக் குறித்துக்கொள்ளுங்கள்: தரையிலிருந்து கதவின் கீழ்ச்சட்டம் வரை, தரையிலிருந்து கம்பித்தடுப்பின் மேல்விளிம்பு வரை, தண்ணீர் போகும் துளையின் மட்டம்.

கம்பித்தடுப்பைப் பற்றிக் கொஞ்சம் அழுத்தமாகவே சொல்கிறேன். கட்டட, கட்டுமான ஆணையத்தின் விதிப்படி பால்கனித் தடுப்பின் உயரம் குறைந்தது 1 மீட்டர் இருக்க வேண்டும். அந்த உயரம் நீங்கள் கால்வைக்கும் மட்டத்திலிருந்து கணக்கு. தடுப்பு சரியாக 1,000 மி.மீ. இருக்கும் வீட்டில் 49 மி.மீ. உயரத் தளம் போட்டால், தடுப்பு 951 ஆகிவிடுகிறது. குழந்தைகள் உள்ள வீட்டில் அந்த ஐந்து சென்டிமீட்டர் சிறிய விஷயமல்ல. தடுப்பு போதிய உயரம் இல்லையென்றால் மரத்தளத்தை விட்டுவிடுங்கள், அல்லது இன்னும் தாழ்வான வேறு முடிப்பைத் தேடுங்கள்.

வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீடுகளில் தரை முடிப்பும் அதன்கீழ் உள்ள சிமென்ட் பூச்சும் சேர்ந்து 50 மி.மீ. தாண்டக்கூடாது என்ற வரம்பு இருக்கிறது. அதனால் வீவக பால்கனியில் பலகை வாங்குமுன் கழகத்திடமோ பதிவுபெற்ற புதுப்பிப்பு ஒப்பந்தக்காரரிடமோ கேட்டுவிடுங்கள். கூட்டுரிமை வீடென்றால் நிர்வாகக் குழுவின் அனுமதியை எழுத்தில் வாங்குங்கள். பால்கனியின் வெளித்தோற்றம் மாறும் வேலை என்று அவர்கள் நினைத்தால் பிறகு எடுக்கச் சொல்வார்கள்.

கனம்: பலகை, சட்டம், திருகாணி மூன்றும் ஒரே கணக்கு

பலகையின் கனம் அதன் கீழே உள்ள தாங்குச் சட்டங்களின் இடைவெளியைத் தீர்மானிக்கிறது. ஆங்கிலத்தில் ஜாய்ஸ்ட் என்பது இந்தச் சட்டங்களைத்தான். 19 மி.மீ. கனக் கடினமரத்துக்குச் சட்டத்தின் நடுவிலிருந்து அடுத்த சட்டத்தின் நடுவரை 450 மி.மீ. தாண்ட வேண்டாம். 25 மி.மீ. இருந்தால் 500 வரை போகலாம், அதற்குமேல் நான் போக மாட்டேன். பலகையைச் சாய்வாக, குறுக்குக்கோணத்தில் போட ஆசையென்றால் சட்டங்களை இன்னும் நெருக்க வேண்டும். ஏனென்றால் சாய்ந்து போகும் பலகை, ஒரு சட்டத்திலிருந்து அடுத்ததற்குப் போகக் கூடுதல் தூரம் தாண்டுகிறது. மரத்தூளும் பிளாஸ்டிக்கும் கலந்த கூட்டுப்பலகைக்குத் தயாரிப்பாளரின் தாளில் என்ன போட்டிருக்கிறதோ அதுதான் விதி. வெயிலில் அது இளகும் என்பதால் இடைவெளி மரத்தைவிடக் குறைவாகவே இருக்கும்.

இனி உயரத்தைக் கூட்டுங்கள். பால்கனியில் வழக்கமாக 25 மி.மீ. கனம், 50 மி.மீ. அகலம் உள்ள சட்டத்தைப் படுக்கையாக வைப்பார்கள். அதன்கீழே தண்ணீர் ஓட 5 மி.மீ. பிளாஸ்டிக் அண்டைக்கட்டை. மேலே 19 மி.மீ. பலகை. ஐந்து, இருபத்தைந்து, பத்தொன்பது: மொத்தம் 49. மேலே சொன்ன எண் இங்கிருந்து வந்ததுதான்.

இப்போது திருகாணி. பலகைக் கனத்தைப்போல இரண்டரை மடங்கு நீளம் என்று பொதுவாகச் சொல்வார்கள், அந்தக் கணக்கில் 50 மி.மீ. ஆணியை எடுத்துவிடுவோம். ஆனால் பலகையும் சட்டமும் சேர்ந்தே 44 மி.மீ.தான். ஆணி கீழே 6 மி.மீ. நீட்டிக்கொண்டு வரும், அண்டைக்கட்டை கொடுத்திருக்கும் 5 மி.மீ. வெளியைத் தாண்டித் தரை ஓட்டைத் தொடும். அதன்கீழே இருப்பது நீர்க்காப்புப் படலம். இங்கே 40 மி.மீ. ஆணிதான் சரி. அது சட்டத்துக்குள் 21 மி.மீ. பிடிக்கும், அடியில் 4 மி.மீ. மிச்சமிருக்கும். தரைவீட்டுத் தோட்டத்தில் 38 × 89 போன்ற சட்டத்தை நிமிர்த்தி வைத்துக் கட்டும்போது இந்தக் கவலை இல்லை, 50 மி.மீ. ஆணியைத் தாராளமாக அடிக்கலாம்.

சட்டத்தின் மேற்பரப்பு அகலத்தையும் பாருங்கள். இரண்டு பலகையின் முனைகள் ஒரு சட்டத்தின்மேல் சந்தித்தால், ஒவ்வொன்றுக்கும் சட்டத்தின் பாதிதான் கிடைக்கும். 38 மி.மீ. சட்டமென்றால் 19. அதன் நடுவில் ஆணி அடித்தால் பலகை முனையிலிருந்து ஒரு சென்டிமீட்டர்கூட இருக்காது, மரம் பிளந்துவிடும். சந்திப்பு வரும் இடத்தில் இரண்டு சட்டங்களை ஒட்டிப் போடுவது நல்லது.

கடினமரத்தில் ஆணி அடிக்குமுன் துளைபோடாமல் இருக்கவே கூடாது. துருப்பிடிக்காத எஃகில் 304 வகை பொதுவாகப் போதும். கடற்கரையோரம் வீடு இருந்தால் 316 வாங்குங்கள்.

அகலம்: எத்தனை பலகை என்பது இங்கேதான் முடிவாகும்

ஓர் உதாரணப் பால்கனியை எடுத்துக்கொள்வோம். நீளம் 3.6 மீட்டர், அகலம் 1.8 மீட்டர். பலகைகளை நீளவாக்கில் போடுகிறோம். சுவரோரம் இருபக்கமும் 10 மி.மீ. விட்டால் நிரப்ப வேண்டியது 1,780 மி.மீ. அகலம்.

ஆறு அங்குலப் பலகை என்று நம்பிக் கணக்குப் போட்டால், 152 மி.மீ. பலகையும் 5 மி.மீ. இடைவெளியுமாக 12 பலகை போதும் என்று வரும். கையில் வருவதோ 140. அப்போது 13 வேண்டும். நான்கு அங்குலப் பலகையில் வித்தியாசம் இன்னும் கூடும். பெயரை நம்பினால் 17, உண்மையில் 19. பிறகு வாங்கப் போனால் அதே மரக்கட்டிலிருந்து கிடைக்காது. நிறம் மாறிய இரண்டு பலகை தளத்தில் தனியே தெரியும்.

எண்ணிக்கை சரியாக வந்தாலும் ஓரம் அழகாக வருமா என்று பார்க்க வேண்டும். 140 மி.மீ. பலகையை ஒரு சுவரிலிருந்து அடுக்கிக்கொண்டே போனால் 12 பலகைக்குப் பிறகு 40 மி.மீ. கீற்று ஒன்று மிஞ்சும். அந்த மெல்லிய கீற்றில் ஆணி நிற்காது, சீக்கிரம் வளைந்தும் போகும். அதற்குப் பதிலாக நடுவில் 11 முழுப்பலகை, இரு ஓரங்களிலும் 90 மி.மீ.க்கு அறுத்த பலகை ஒவ்வொன்று, 12 இடைவெளிகள் என்று பிரியுங்கள். 1,540, 180, 60 மூன்றையும் கூட்டினால் 1,780 சரியாக வரும். இருபுறமும் ஒன்றுபோல் இருக்கும்.

90 மி.மீ. பலகையில் வேலை இன்னும் சுலபம். 19 பலகை 1,710 மி.மீ. எடுத்துக்கொள்ளும், மீதி 70 மி.மீ.யை 18 இடைவெளிகளுக்குப் பங்கிட்டால் ஒவ்வொன்றும் நான்கு மி.மீ.க்குச் சற்றுக் குறைவு. அறுக்கவே வேண்டாம்.

இந்த உதாரணத்துக்காக மட்டும் சொல்லவில்லை, நம் பால்கனிகளுக்கு நான் 19 × 90 பலகையையே விரும்புகிறேன். அகலம் கூடக்கூட மரம் ஈரத்தில் பருப்பதும் காய்ந்தால் சுருங்குவதும் கூடும். மரம் நீளவாக்கில் ஏறக்குறைய மாறுவதே இல்லை, மாற்றமெல்லாம் குறுக்கே அகலத்தில்தான். இரண்டு விழுக்காடு பருத்தால் 90 மி.மீ. பலகை இரண்டு மி.மீ.க்கும் குறைவாகவே விரியும், 140 மி.மீ. பலகை மூன்று மி.மீ.யை நெருங்கும். மெல்லிய அகலப் பலகை மேலே வெயிலும் கீழே ஈரமுமாக இருக்கும்போது அப்பளம்போல் ஓரம் தூக்கிக்கொள்ளும். 140 அகலம்தான் வேண்டுமென்றால் 25 மி.மீ. கனத்தில் வாங்குங்கள். 19 மி.மீ.யில் அந்த அகலம் எனக்குத் திருப்தி தருவதில்லை.

வரிப்பள்ளம் போட்ட பலகை வழுக்காது என்று சொல்லி விற்பார்கள். நம்மூர் மழையில் அந்தப் பள்ளங்களில் அழுக்கும் பாசியும்தான் சேரும். மேலும், கனத்தை மேட்டில் வைத்து அளப்பார்கள், பள்ளத்தில் மரம் அதைவிட மெல்லியது. வழவழப்பான பக்கம் மேலே வரட்டும்.

நீளமும் மின்தூக்கியும்

12 அடி என்றால் 3.66 மீட்டர். இரு முனையிலும் 10 மி.மீ. விட்டால் வரும் நம் 3.58 மீட்டருக்கு ஒரே பலகை ஒட்டில்லாமல் போதும். ஆனால் பதினைந்தாம் மாடிக்கு அதை எப்படிக் கொண்டுபோவீர்கள்? மின்தூக்கியின் உள்ளே தரை மூலையிலிருந்து எதிர்மூலை உச்சிவரை நாடா வைத்து அளந்துவிட்டுப் பிறகு நீளம் சொல்லுங்கள். ஏறாதென்றால் பலகைகளைக் குறுக்குவாக்கில் போடும் யோசனைக்கு மாறலாம். 140 மி.மீ. பலகையில் 1.78 மீட்டர் துண்டுகள் 25 வேண்டும், ஒரு 12 அடிப் பலகையில் இரண்டு துண்டு கிடைக்கும், ஆக 13 பலகை. அதே எண்ணிக்கை. கடையிலேயே அறுத்து வாங்கிவிடலாம்.

ஆனால் பலகையின் திசை மாறினால் சட்டத்தின் திசையும் மாறும். சட்டங்கள் தண்ணீர் ஓடும் போக்கிலேயே போக வேண்டும். குறுக்கே கிடந்தால் ஒவ்வொரு சட்டமும் ஒரு சிறு அணையாகிவிடும். குறுக்கே வைப்பது தவிர்க்க முடியாதென்றால் அண்டைக்கட்டைகள் கட்டாயம். தேங்கிய நீரில் ஏடிஸ் கொசு முட்டையிடும், தேசிய சுற்றுப்புற வாரியத்தின் சோதனையில் அகப்பட்டால் வீட்டுக்காரருக்கு அபராதம். நீர்த்துளைக்கு மேலே தூக்கி எடுக்கக்கூடிய ஒரு மூடியை விடுங்கள். 90 மி.மீ. பலகை நான்கும் இடைவெளி மூன்றும் சேர்ந்தால் 372 மி.மீ. அகலம், கைவிட்டுச் சுத்தம் செய்யப் போதும்.

மரம் பற்றி இரண்டு வார்த்தை

செங்ஙால், பாலாவ் இரண்டும் கனமான கடினமரங்கள், வெளியிடத்துக்கு உகந்தவை. காப்பூர் நடுத்தரம். மெர்பாவ் நல்ல மரம்தான், ஆனால் முதல் மழைகளில் அதிலிருந்து பழுப்புச் சாயம் இறங்கும், கீழ்வீட்டுப் பால்கனியில் சொட்டினால் சச்சரவு. மெராந்தியை வெளித்தளத்துக்கு வாங்க வேண்டாம். எந்த மரமானாலும் வைரம் பாய்ந்த பகுதிதான் நிலைக்கும். ஓரத்தில் வெளிறிய வெண்மரம் உள்ள பலகையை ஒதுக்கிவிடுங்கள், பூச்சி அங்கேதான் தொடங்கும். எடையையும் நினைவில் வையுங்கள். 19 × 140 அளவில் 12 அடி பாலாவ் பலகை ஒன்று சுமார் 9 கிலோ இருக்கும்.

விலையை ஒப்பிடுவது

மரக்கடையின் பழைய கணக்கு டன். இது எடையில்லை, 50 கன அடியைத்தான் ஒரு டன் என்பார்கள். "ஒன் பை சிக்ஸ்" 12 அடிப் பலகை பெயரளவில் அரை கன அடி, அதாவது நூறு பலகை ஒரு டன். உண்மையில் 19 × 140இல் இருக்கும் மரம் 0.34 கன அடி. பெயரளவில் விலைபோட்டால் இருக்கும் மரத்துக்கு ஏறத்தாழ ஒன்றரை மடங்கு அளவுக்குக் காசு கொடுக்கிறீர்கள். இழைப்புக் கூலியும் கழிவும் அதில் அடங்கும் என்பதால் அது தவறென்று சொல்ல மாட்டேன். ஆனால் ஒரு கடை பெயரளவிலும் இன்னொரு கடை முடித்த அளவிலும் சொன்ன விலைகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து மலிவு பார்க்காதீர்கள். முடித்த அளவில் ஓடும் அடிக்கு, அதாவது நீளத்தில் ஓர் அடிக்கு, எவ்வளவு என்று இருவரிடமும் கேளுங்கள்.

வேலையோடு சேர்த்துச் சதுர அடிக்கு விலை சொல்லும் ஒப்பந்தக்காரர்களிடம் இன்னும் கவனம் வேண்டும். நம் உதாரணப் பால்கனி ஏறக்குறைய 70 சதுர அடி. சதுர அடிக்கு ஒரு வெள்ளி குறைத்துச் சொல்பவர், 25 மி.மீ. பலகைக்குப் பதில் 19 மி.மீ. போடுபவராக இருக்கலாம், அல்லது 450க்குப் பதில் 600 மி.மீ. இடைவெளியில் சட்டம் வைப்பவராக இருக்கலாம். விலைப்பட்டியலில் மரத்தின் பெயர், முடித்த கனமும் அகலமும், சட்டத்தின் அளவு, சட்டங்களின் இடைவெளி, ஆணியின் வகையும் நீளமும் எழுதித் தரச் சொல்லுங்கள். எழுதித் தராதவரிடம் வேலை கொடுக்காதீர்கள்.

இடைவெளி

இங்கே ஆண்டுக்கு 2,100 மி.மீ.க்கு மேல் மழை, காற்றின் ஈரப்பதம் சராசரி 80 விழுக்காட்டுக்கும் மேல். சூளையில் உலர்த்திய பலகை இந்தக் காற்றில் பருக்கும், அதற்கு 4 முதல் 5 மி.மீ. இடைவெளி விடுங்கள். சரியாக உலராத பச்சைப் பலகை பிறகு சுருங்கும், அதற்கு 2 அல்லது 3 போதும், காலப்போக்கில் தானே அகலும். எந்த நிலையில் வந்திருக்கிறது என்று கடையில் கேட்டால் சொல்வார்கள். வீட்டுக்கு வந்த பலகைகளை உடனே அடித்துவிடாமல், இடையிடையே ரீப்பர் கொடுத்து அடுக்கி, மழை படாத திறந்த இடத்தில் ஒரு வாரமாவது விடுங்கள். குளிரூட்டிய அறைக்குள் வைத்தால் பயனில்லை, தளம் இருக்கப்போகும் காற்றில்தான் இருக்க வேண்டும்.

லாரி வரும் நாள்

எண்ணிக்கையில் பத்து விழுக்காடு கூட்டி வாங்குங்கள், 19 வேண்டிய இடத்தில் 21. முடிச்சு விழுந்தது, முனை பிளந்தது ஒன்றிரண்டு இருக்கத்தான் செய்யும்.

இறக்கியதும் காலிப்பரால் நாலைந்து பலகைகளின் கனத்தைப் பாருங்கள். இரு முனையிலும் நடுவிலும் பாருங்கள், முனை மட்டும் சரியாக இருந்து நடுவில் மெலிந்த பலகைகளும் வரும். அகலத்துக்கு ஒரு சுலபமான வழி உண்டு. பத்துப் பலகைகளைத் தரையில் இடைவெளியின்றி ஒட்டிவைத்து மொத்தமாக அளந்து பாருங்கள். 90 மி.மீ. என்று சொல்லி வாங்கியது 900 காட்ட வேண்டும். 910 காட்டினால் ஒவ்வொன்றும் ஒரு மி.மீ. கூடுதல். 19 பலகைக்கு 19 மி.மீ. போய்விடும், நான்கு மி.மீ. என்று நினைத்த இடைவெளி மூன்றுக்கும் கீழே இறங்கும். உலர்ந்த பலகைக்கு அது நெருக்கம். அப்போது இரண்டு வழிகள். ஓரப் பலகை ஒன்றை 19 மி.மீ. சீவி இடைவெளியைப் பழையபடி நான்காக்கலாம். அளவே பெரிதும் பிசகியிருந்தால், லாரி கிளம்புமுன் ஓட்டுநரை நிறுத்திவைத்துக் கடைக்குத் தொலைபேசியில் பேசி, திருப்பியனுப்பலாம். ஒரு பலகையை அறுத்துவிட்ட பிறகு எந்தக் கடையும் திரும்ப எடுத்துக்கொள்ளாது.